பால்சுறா வாங்கப் போன வருஷம்

ஏரிக்கரையில் காலையில் என்னோடு நடக்கிற உங்களுக்குத்தான் இதை எழுதுகிறேன். போன மாதம் நம்மில் ஒருத்தர், மகளுக்குப் பிரசவமாகி இருபது நாளாகியும் பால் சரியாக ஊறவில்லை, சுறாப் புட்டு செய்து கொடுக்கலாமா என்று கேட்டார். ஆளாளுக்கு ஒன்று சொன்னீர்கள். பால்சுறாதான் வேண்டும், வேறு சுறா கூடாது என்றார் ஒருத்தர். பூண்டு நிறையப் போடணும் என்றார் இன்னொருத்தர். நான் மட்டும் குனிந்து செருப்பு வாரைச் சரிசெய்வது போலப் பின்தங்கிவிட்டேன். உங்களுக்கு அது சமையல் விஷயம். எனக்கு அது ஒன்பது வயதில் ஆரம்பித்து, அன்றுவரை முழுசாகத் தெளியாத ஒரு குழப்பம்.

அப்போது ஆவடிக்குப் பக்கத்தில் சேக்காட்டில் எங்களுடையது ஓட்டு வீடு. நைனாவின் அப்பா காலம் வரை பிறத்தியார் நிலத்தில் நாற்று நட்ட குடும்பம். நைனாதான் முதல்முதலாகத் தொழிற்சாலைக்குப் போனவர். வீட்டுக்குப் பக்கவாட்டில் ஒரு அறையும், சமைப்பதற்கு ஒரு சாய்ப்பும் உண்டு. பொங்கல் கழிந்த வாரத்தில் அதை ஒரு புருஷன் பெண்டாட்டிக்கு வாடகைக்கு விட்டார். ராமநாதபுரம் பக்கத்துக் கடலோரத்துக்காரர்கள். அவருக்கு ஏதோ கம்பெனியில் காவல் வேலை. அவளுக்கு இருபத்திரண்டு வயது இருக்கலாம். வயிறு தள்ளியிருந்தது. என் அம்மாவுக்கும் அப்போது வயிறு தள்ளியிருந்தது. இரண்டு பேரும் குடத்தோடு ஒரே நேரத்தில் அடிபம்புக்கு வந்துவிட்டால், ஒருத்தி வயிற்றை ஒருத்தி பார்த்துச் சிரித்துக்கொண்டு நிற்பார்கள். நான்தான் அடித்துக் கொடுப்பேன்.

நான் அவளை அக்கா என்று கூப்பிட்டேன். பெயர் என்ன என்று ஒருநாளும் கேட்டதில்லை.

அக்கா கல்யாணத்துக்கு முன்னால் கடலில் முங்கிப் பாசி எடுத்தவள். வளைகுடாவுக்குள் சின்னச் சின்னத் தீவுகள் இருக்குமாம். வள்ளத்தில் போய் இறங்கி, விரல்களில் துணி சுற்றிக்கொண்டு, மூச்சைப் பிடித்து முங்கி, பாறையில் ஒட்டியிருக்கும் பாசியைப் பிய்த்து மடியில் கட்டிய பையில் போட்டுக்கொள்வார்களாம். இதையெல்லாம் பாத்திரம் தேய்த்துக்கொண்டே, நேற்று மார்க்கெட்டுக்குப் போய் வந்ததைச் சொல்வதுபோலச் சொல்வாள்.

"எங்க கடலு உங்க மெட்ராசுக் கடலு மாதிரி கத்தாதுத்தா. கம்மாத் தண்ணி மாதிரி சும்மா கெடக்கும். உள்ள போனாத்தேன் தெரியும், அம்புட்டும் அங்ஙனதான் இருக்குன்னு."

"சுறா ஆளைத் துன்னுடுமாக்கா?"

"எத்தனையோ தடவ பக்கத்துல வந்துருக்கு. நம்மளப் பாத்துட்டு அதுபாட்டுக்குப் போயிரும். நாமதேன் அதைத் தின்போம்."

அவள் சொன்ன எதுவும் நான் நினைத்திருந்த மாதிரி இல்லை. பஸ் நீளத்துக்கு ஒரு சுறா இருக்காம், அதன் பெயர் அம்மணி உளுவை. வாயைத் திறந்துகொண்டு போய்க்கொண்டே இருக்குமாம், கடிக்கவே தெரியாதாம். கொம்பன் சுறாவுக்குத் தலை மண்வெட்டி மாதிரி இருக்குமாம், அதன் இரண்டு ஓரத்திலும் கண்ணாம். கடல்குதிரையில் ஆம்பளைதான் வயிற்றில் பிள்ளை சுமக்குமாம். சுறாவில் பல ஜாதி முட்டையே போடாதாம், மனுஷியைப் போலக் குட்டி போடுமாம். எல்லாவற்றையும் விட, கடலுக்குள் பசு இருக்காம். புல் மேயுமாம். குட்டியை அணைத்துக்கொண்டு பால் கொடுக்குமாம்.

"மடி இருக்குமா?"

"மடியில்லத்தா. மாரு. நம்ம மாதிரி." அவள் தன் நெஞ்சைத் தொட்டுக் காட்டினாள்.

அவளுடைய தகரப் பெட்டியில் வேளா மீனின் கொம்பு ஒன்று இருந்தது. என் கை நீளம். இரண்டு பக்கமும் ரம்பம் மாதிரி பல். தொட்டால் சொரசொரவென்று இருக்கும், மோந்து பார்த்தால் பழைய உப்பு வாசனை. அவள் அப்பா பிடித்த மீனாம். அப்பா இப்போது இல்லை என்றாள். கடலிலா என்று கேட்டேன். இல்லை, காமாலையில் என்றாள். எனக்குக் கொஞ்சம் ஏமாற்றமாக இருந்தது. அதை நினைத்தால் இப்போது வெட்கமாக இருக்கிறது.

பள்ளிக்கூடத்தில் ஒருநாள் அறிவியல் சார் பலகையில் மீன் படம் வரைந்து, மீன் முட்டையிடும், மீனுக்குப் பால் கிடையாது என்றார். நான் எழுந்து, "சார், கடல்ல பசு கீது சார். அதுக்கு மாரு கீது. குட்டிக்குப் பால் குடுக்கும்" என்றேன். பையன்கள் பெஞ்சைத் தட்டிச் சிரித்தார்கள். சார் முகம் மாறியது. நான் ஏதோ அசிங்கமாகப் பேசிவிட்டதாக நினைத்துவிட்டார். விரல் முட்டியில் ஸ்கேலால் நாலு அடி. மீதி வகுப்பு முழுக்க முட்டி போட்டேன்.

மறுநாள், அக்கா பம்புக்குப் போன நேரம் பார்த்து, பெட்டியைத் திறந்து கொம்பை எடுத்துத் துணியில் சுற்றிப் பள்ளிக்கூடத்துக்குக் கொண்டுபோனேன். கடலில் இப்படியெல்லாம் இருக்கிறது என்று காட்டினால் பசுவையும் நம்புவார் என்று ஒரு கணக்கு.

"இன்னாது இது? யாரைக் குத்தறதுக்கு எடுத்தாந்த?" என்று பிடுங்கி அலமாரியில் வைத்துப் பூட்டினார். திரும்பக் கிடைக்கவேயில்லை. அடுத்த வருஷம் சார் மாற்றலாகிப் போனார், அலமாரியும் வேறு அறைக்குப் போய்விட்டது.

இன்றைக்கு என் பேரன் போனில் கடல்பசுவைக் காட்டுகிறான். அது மீனே இல்லையாம், நம்மைப் போலக் குட்டி போட்டுப் பாலூட்டும் பிராணியாம். அப்படியென்றால் சார் சொன்னதும் சரி, அக்கா சொன்னதும் சரி. அடி மட்டும் எனக்கு.

அக்காவிடம் அழுதுகொண்டே சொன்னேன். அவள் பெட்டியைத் திறந்து, கொம்பு இருந்த இடத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தாள். பிறகு மூடி, "விடுத்தா. அது இருந்தா மட்டும் அப்பா வந்துருவாகளா" என்று சொல்லிவிட்டுத் தேய்த்த பாத்திரத்தையே மறுபடி தேய்த்தாள்.

பங்குனி மாதத்தில் அக்காவை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போனார்கள். நாலு நாள் கழித்து வந்தாள். வயிறு இல்லை. கையிலும் ஒன்றும் இல்லை. அம்மாவின் பிரசவத்துக்காக அத்தை, அதாவது நைனாவின் அக்கா, கோவில்பதாகையிலிருந்து வந்து எங்கள் வீட்டில் தங்கியிருந்தாள். நான் ஓடிப்போய், "அக்கா, பாப்பா எங்க?" என்று கேட்டதும் அத்தை என் தொடையில் கிள்ளி உள்ளே இழுத்துப்போனாள்.

"வாயை மூடிகினு இரு. அதெல்லாம் கேக்கக் கூடாது."

ஏன் கேட்கக்கூடாது என்று ஒருத்தரும் சொல்லவில்லை. பிள்ளை பிறந்து இறந்துபோனது என்று ஒரு வரி சொல்லியிருக்கலாம். சொல்லாததால் நானே யோசித்தேன். ஆஸ்பத்திரியிலேயே வளர்ப்பதற்கு விட்டுவந்திருப்பார்கள் என்று முதலில் நினைத்தேன். அப்புறம் கடல்குதிரை ஞாபகம் வந்தது. இரண்டு மூன்று நாள், அவள் புருஷன் வேலைக்குப் போகும்போதெல்லாம் அவர் வயிற்றையே உற்றுப் பார்த்துக்கொண்டிருந்தேன். காக்கிச் சட்டைக்குள் கொஞ்சம் உப்பியிருப்பதாகக்கூடப் பட்டது. சிரிக்காதீர்கள். அல்லது சிரியுங்கள், பரவாயில்லை.

பத்து நாள் கழித்து எங்கள் வீட்டில் தங்கச்சி பிறந்தாள். எலிக்குஞ்சு மாதிரி இருந்தாள். அம்மாவுக்குப் பால் இல்லை. தங்கச்சி அழுவாள், அம்மா மாரில் வைப்பாள், உறிஞ்சிப் பார்த்துவிட்டு இன்னும் பெரிதாக அழுவாள். அதைக் கேட்டு அம்மாவும் அழுவாள். அத்தை பூண்டை நெய்யில் வதக்கிக் கொடுத்தாள், கருவாட்டுக் குழம்பு வைத்தாள். ஆவடி மார்க்கெட்டிலிருந்து நைனா ஏதோ சுறாத் துண்டு வாங்கிவந்தார். அக்கா எட்டிப் பார்த்து, "இது பால்சுறா இல்ல. தோலப் பாத்தாத் தெரியலயா?" என்றாள்.

"தெரிஞ்சவ நீயே போய் வாங்கினு வாயேன்" என்றாள் அத்தை.

அக்கா போனாள். பிள்ளையைப் பறிகொடுத்து ஒரு மாதம்கூட ஆகாத உடம்பு. எங்கள் வீட்டில் யாருக்கும் அது தோன்றவில்லை. துணைக்கு என்னை அனுப்பினார்கள். விடியற்காலை ரயில், அப்புறம் பஸ், அப்புறம் காசிமேடு. நான் முதல்முதலாகக் கடலைப் பார்த்தது அன்றைக்குத்தான். ஆனால் கடலைப் பார்த்த ஞாபகம் குறைவு, காலடியில் கிடந்தவைதான் ஞாபகம். திருக்கைகளை விரித்த முறம் மாதிரி போட்டிருந்தார்கள். நண்டுகள் கூடைக்குள் ஒன்றன்மேல் ஒன்று ஏறிக் கரகரத்தன. சுறாக்கள் சாம்பல் நிறத்தில் வரிசையாகக் கிடந்தன. கண் திறந்தே இருந்தது. நான் பயந்த பெரிய வாய் எதற்கும் இல்லை, வாய் கீழ்ப்பக்கம் மணலில் புதைந்திருந்தது.

அக்கா ஒவ்வொன்றாகக் குனிந்து தடவிப் பார்த்தாள். அன்றைக்குத்தான் அவளை முழு ஆளாகப் பார்த்தேன். சேக்காட்டில் யாருக்கும் வழிவிட்டு ஒதுங்கி நடப்பவள், அங்கே மீன்காரம்மாவோடு சரிக்குச் சரி பேசினாள். கடைசியில் என் உயரத்தில் முக்கால்வாசி இருந்த ஒரு மீனைக் காட்டினாள். "இதுதேன்."

மீன்காரம்மா அரிவாள்மனையில் வயிற்றைக் கிழித்தாள். குடலோடு சேர்ந்து நாலு குட்டிகள் சரிந்து விழுந்தன. ஒவ்வொன்றும் ஒரு சாண் நீளம். முழு மீன்கள். வயிற்றில் தொப்புள்கொடி தொங்கியது.

"சினை மீனா? குட்டியத் தூக்கிப் போடு, காக்கா துன்னட்டும்" என்றாள் மீன்காரம்மா.

அக்கா நாலையும் முந்தானையில் வாரிக்கொண்டாள். கூட்டத்தை இடித்துக்கொண்டு தண்ணீரை நோக்கி ஓடினாள். நானும் பின்னால் ஓடினேன். முழங்கால் தண்ணீரில் நின்று, ஒவ்வொன்றாகக் கையில் ஏந்தி, அலை வரும்போது விட்டாள். இரண்டு உடனே மூழ்கின. ஒன்று திரும்பக் கரைக்கு வந்தது. நாலாவது வாலை ஆட்டியது.

"நீந்துதுல்ல? பாத்தேல்ல நீ? போயிருச்சுல்ல?" என்று என் தோளைப் பிடித்து உலுக்கினாள்.

"ஆமாக்கா" என்றேன். அது நீந்தியதா, அலைதான் அசைத்ததா என்று எனக்கு அன்றைக்கும் தெரியாது, இன்றைக்கும் தெரியாது. அக்கா ஈரப் புடவையோடு மணலில் உட்கார்ந்து அழுதாள். மீனுக்காக இவ்வளவு அழுவார்களா என்று எனக்கு ஆச்சரியம். பசித்தது. வடை வாங்கித் தரச்சொல்லிக் கேட்டேன். வாங்கிக் கொடுத்தாள்.

அத்தை அந்தச் சுறாவை அவித்து, உதிர்த்து, பூண்டு வெங்காயம் போட்டுப் புட்டு செய்தாள். அம்மா மூன்று வேளையும் அதையே சாப்பிட்டாள். ஒரு வாரத்தில் தங்கச்சியின் அழுகை குறைந்தது. பத்து நாளில் கன்னத்தில் சதை பிடித்தது. தெருவில் வருகிறவர் போகிறவரிடமெல்லாம் அத்தை, "என் கைப்பக்குவம் பாத்தியா? சுறா வேலை செஞ்சிடுச்சி" என்று சொல்லிக்கொண்டிருந்தாள்.

ஒருநாள் மத்தியானம், அத்தை ரேஷன் கடைக்குப் போயிருந்தாள். நான் புளியங்கொட்டை ஆடிவிட்டு வந்தேன். அம்மா பக்கத்தில் தங்கச்சி இல்லை. அம்மா கண்ணை மூடிப் படுத்திருந்தாள். அக்காவின் அறைக் கதவு சாத்தியிருந்தது. ஜன்னல் இடுக்கு வழியாகப் பார்த்தேன். அக்கா சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தாள். முந்தானைக்கு வெளியே தங்கச்சியின் இரண்டு பாதங்கள் தெரிந்தன. விரல்கள் விரிந்து விரிந்து சுருங்கின. மடக் மடக் என்று விழுங்குகிற சத்தம் கேட்டது. அக்காவின் முகத்தில் அப்படி ஒரு அமைதியை நான் அதற்கு முன் பார்த்ததில்லை.

எனக்குக் கோபம் வரவில்லை, பயம் வரவில்லை. கடல்பசுதான் ஞாபகம் வந்தது. ஆனால் ஒன்று மட்டும் புரியவில்லை. சுறாப் புட்டு தின்றது அம்மா. பால் எப்படி அக்காவுக்கு வந்தது?

சாயங்காலம் அத்தை கீரை ஆய்ந்துகொண்டிருந்தபோது அதைத்தான் கேட்டேன். "அத்தை, புட்டு துன்னது அம்மாதானே, அக்காவுக்கு ஏன் பால் வருது?"

அத்தையின் கையிலிருந்து கீரைக்கட்டு விழுந்தது.

"இன்னாடி சொன்ன?"

பார்த்ததைச் சொன்னேன். அவ்வளவுதான். அத்தை போட்ட கூச்சலில் தெருவே கூடிவிட்டது. "பெத்ததை முழுங்கினவ, எங்க ஊட்டுப் புள்ளைக்குப் பால் குடுக்கறாளா! எந்த ஊரு, எந்த ஜனம், எவ பாலு இது! புள்ளைய வளைச்சிப் போட்டுகினு ஊருக்குப் போலாம்னு பாத்தியா?" அக்கா வாசலில் நின்றாள். அம்மா படுத்திருந்த அறை வாசலை மட்டும் பார்த்து, "அக்கா, நீங்க சொல்லுங்கக்கா" என்றாள். ஒரே ஒரு தடவை.

அம்மா சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்திருந்தாள். திரும்பவில்லை. என்ன சொல்லச் சொல்கிறாள் என்று எனக்குப் புரியவில்லை.

வேலை முடிந்து வந்த நைனா எல்லாவற்றையும் கேட்டார். அத்தை முகத்தைப் பார்த்தார், தெருவைப் பார்த்தார். அக்காவின் புருஷனிடம் போய், "தப்பா நெனச்சிக்காதப்பா, வேற எடம் பாத்துக்கோ" என்றார். மறுநாள் காலையில் தகரப் பெட்டியும் இரண்டு மூட்டையுமாக ரிக்ஷாவில் ஏறிப் போனார்கள். போகும்போது அக்கா என்னைப் பார்த்துக் கையசைத்தாள். என்மேல் கோபம் இருந்ததா என்று தெரியவில்லை. நான்தான் சொன்னேன் என்பதே அவளுக்குத் தெரியுமா என்றும் தெரியவில்லை.

மூன்று நாள் தங்கச்சி விடாமல் அழுதாள். அத்தை பவுடர் பாலைப் பம்புத் தண்ணீரில் கரைத்துக் கொடுத்தாள், காய்ச்சவில்லை. வயிற்றால் போய், கண் செருகி, ஆஸ்பத்திரியில் பத்து நாள் கிடந்து பிழைத்தாள். "அவ பாலு குடிச்ச வெனை" என்றாள் அத்தை. எல்லோரும் தலையாட்டினார்கள். நானும் தலையாட்டினேன்.

எனக்குப் பையன் பிறந்தபோது அவனை ஒரு வாரம் கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்திருந்தார்கள். குடிக்க ஆளில்லாமல் எனக்குப் பால் கட்டிக்கொண்டது. கல் மாதிரி கனத்து, ஜுரம் வந்து, ரவிக்கை நனைந்து, பக்கத்துக் கட்டில் குழந்தை அழுதால்கூட வலி சுண்டி இழுத்தது. அந்த வலியில்தான் அக்கா ஏன் கடலுக்கு ஓடினாள், ஏன் கதவைச் சாத்திக்கொண்டாள் என்று ஒவ்வொன்றாக விளங்கியது. சுறா வேலை செய்யவில்லை. வேலை செய்தது அவள்.

ஆனாலும் ஒன்று விளங்கவில்லை. அம்மாவுக்குத் தெரியுமா? அல்லது அக்கா யாருக்கும் தெரியாமல் தூக்கிப்போனாளா? அக்காவே தூக்கிப்போயிருந்தால், நான் சொன்னது ஒருவேளை தப்பில்லை. அம்மா கொடுத்தனுப்பியிருந்தால்? இதை நாற்பது வருஷம் இப்படியும் அப்படியும் புரட்டிப் பார்த்தேன். அம்மாவிடம் கேட்க வாய் வரவில்லை. ராமேஸ்வரம் சுற்றுலா போனபோது கூட்டத்தை விட்டுவிட்டு அந்தக் கடலோரத்துக் கிராமங்கள் இரண்டுக்கு ஆட்டோவில் போனேன். கடல் அவள் சொன்ன மாதிரியே சும்மா கிடந்தது. வலை பின்னிக்கொண்டிருந்த ஒருத்தரிடம் விசாரித்தேன். "பேரு என்னம்மா?" என்றார். தெரியாது என்றேன். "ஊராவது?" அதுவும் தெரியாது. அவர் பாவமாகப் பார்த்தார். பேச்சை மாற்ற, வேளா மீன் வருகிறதா என்று கேட்டேன். அவர் சின்ன வயதில் பார்த்தது, இப்போது கண்ணிலேயே படுவதில்லை என்றார்.

நீங்கள் சுறாப் புட்டு பற்றிப் பேசிய அன்றைக்கு நான் வீட்டுக்குப் போகவில்லை. நேராக பஸ் பிடித்து ஐயப்பன்தாங்கல் போனேன். அங்கே தங்கச்சியின் பிளாட்டில்தான் அம்மா இருக்கிறாள். எண்பதைத் தாண்டிவிட்டாள். காது மந்தம், ஞாபகம் மட்டும் கத்தி. பால்கனியில் உட்கார்ந்து முருங்கைக்கீரை உருவிக்கொண்டிருந்தாள். பக்கத்தில் உட்கார்ந்து, காதருகே குனிந்து கேட்டேன். "அம்மா, அந்தக் கடல்கார அக்கா பாப்பாவைத் தூக்கினு போனது உனக்குத் தெரியுமா?"

அம்மா உருவுவதை நிறுத்தவில்லை. ஐந்தாறு காம்பு முடிந்த பிறகு சொன்னாள்.

"தூக்கினு போவலடி. நான்தான் குடுத்தேன். அவ ஜாக்கெட்டு நனைஞ்சிகினு நின்னா, இங்க இது பசியில கத்தினு கெடந்துச்சி. நான்தான், 'குடுக்கறியா?'ன்னு கேட்டேன். ரெண்டு பேரும் அழுதோம்."

"அப்புறம் அன்னிக்கு ஏம்மா திரும்பவே இல்ல?"

"உங்க அத்தைக்கு பயந்துட்டேன். உங்க நைனாவுக்கு பயந்துட்டேன். ஒரு வார்த்தை சொல்லியிருந்தா அவ இருந்திருப்பா." கீரையை மடியிலிருந்து தட்டில் கொட்டினாள். "நீ சொன்னேன்னு உன்மேல எனக்குக் கோவம்கூட இருந்துச்சி ரொம்ப நாளு. பாரு, எப்படி!"

எனக்கு என்ன தோன்றியது என்று எனக்கே சொல்லத் தெரியவில்லை. பாரம் இறங்கியதா, கைமாறியதா? அந்தக் கிழவியைக் கட்டிக்கொள்வதா, எழுந்து போய்விடுவதா? கையில் ஒரு காம்பை எடுத்து நானும் உருவ ஆரம்பித்தேன்.

அப்போது தங்கச்சி காபியோடு வந்தாள். ஐம்பதைத் தாண்டியவள், தலைக்கு மை பூசுகிறவள், அடுத்த வருஷம் ஓய்வு பெறப் போகிறவள்.

"இன்னா, ரெண்டு பேரும் ஒரு மாதிரி கீறீங்க? யாரைப் பத்திப் பேச்சு?"

அம்மா என்னைப் பார்த்தாள். நான் அம்மாவைப் பார்த்தேன். முதலில் வாய் திறந்தது நான்தான்.

"உனக்குப் பால் குடுத்தவங்களைப் பத்தி."

தங்கச்சி சிரித்தாள். "அம்மாவைப் பத்தியா? அம்மாதான் இங்கயே கீறாங்களே!"

"காபியைக் கீழ வை" என்றாள் அம்மா. "இப்படி வந்து உக்காரு."